கத்தரிக்கோலும் சரித்திரமும்: எஸ்பிர் ஷுப்பின் படத்தொகுப்புக் கலை

ஒரு திரைப்படத்தைப் பற்றிப் பேச்செழும்பொழுது முதலில் நடிகரின் பெயர் வருகின்றது. சற்றுத் தேர்ந்த இரசிகரிடையே நெறியாளரின் பெயர் வருகின்றது. இசையமைத்தவரும் ஒளிப்பதிவு செய்தவரும்கூடச் சிற்சில வேளைகளில் நினைக்கப்படுகின்றனர். படத்தைத் தொகுத்தவர் யாரென்று கேட்போர் மிக அரியர். மேசை முன் அமர்ந்து, ஆயிரக்கணக்கான பிலிம் துண்டுகளைப் பார்த்து, வேண்டாதவற்றை வெட்டி, வேண்டியவற்றை ஒட்டி, சிதறிக் கிடந்ததை ஒரு முழுமையாக ஆக்கித் தருபவர் அவர். அவருடைய உழைப்பு எவ்வளவுக்குச் சிறப்பாக அமைகின்றதோ, அவ்வளவுக்குப் பார்ப்போரின் கண்ணுக்குத் தெரியாமற் போய்விடுகின்றது.

இம்மறதி தற்செயலானதன்று. திரைப்படத் தொழிலின் ஆரம்ப காலத்திலே, பல நாடுகளிலும், வெட்டி ஒட்டும் வேலை பெரும்பாலும் பெண்களிடமே விடப்பட்டிருந்தது. தையல் வேலையைப் போன்று பொறுமையும் விரல் நுட்பமும் வேண்டிய கைவேலையாகவே அது கருதப்பட்டது. கலை என்று அதனை எவரும் மதிக்கவில்லை. சிந்திப்பவன் கலைஞன், கையால் உழைப்பவள் கூலியாள் என்ற பழைய பாகுபாடு, இருபதாம் நூற்றாண்டின் புதிய கலையினுள்ளும் இவ்வாறு குடிபுகுந்தது. இப்பாகுபாட்டைத் தமது தொழிலாலேயே கேள்விக்குள்ளாக்கிய ஒருவரைப் பற்றி நாம் இங்கு ஆராய விழைகின்றோம். சோவியத் நாட்டின் படத்தொகுப்பாளர் எஸ்பிர் ஷுப் அம்மையாரே அவர். ஒரு காட்சியையேனும் தாம் படம் பிடிக்காமல், பிறர் பிடித்து மறந்துவிட்ட பிலிம் துண்டுகளைக் கொண்டே ஒரு பேரரசின் வீழ்ச்சியைத் திரையில் எழுதிக் காட்டியவர் அவர்.

ஷுப் 1894 இல், அன்றைய ருஷ்யப் பேரரசின் செர்னிகோவ் மாகாணத்தைச் சேர்ந்த சுராஷ் என்னும் சிற்றூரிலே பிறந்தார். இலக்கியம் பயிலும் நோக்குடன் மொஸ்கோ நகருக்கு வந்தார். ஒக்டோபர் புரட்சியின் பின்னர், கல்விக்கான மக்கள் ஆணையகத்தின் நாடகப் பிரிவிலே பணியாற்றினார். மேயர்ஹோல்ட், மாயகோவ்ஸ்கி போன்றோரின் பரிச்சயம் அங்கு அவருக்குக் கிட்டிற்று. பழையதை உடைத்துப் புதியதை ஆக்குவது எவ்வாறு என்பதே அச்சூழலில் ஒவ்வொரு நாளும் விவாதிக்கப்பட்ட பொருள். 1922 இல் அவர் கோஸ்கினோ என்ற அரசாங்கத் திரைப்பட நிறுவனத்திற் சேர்ந்தார். அவருக்குக் கொடுக்கப்பட்ட வேலை புகழுக்குரியதாக இருக்கவில்லை. முதலாளித்துவ நாடுகளிலிருந்து இறக்குமதியான படங்களைச் சோவியத் மக்களுக்கு ஏற்றவாறு வெட்டித் திருத்துவதும், அவற்றுக்குப் புதிய இடையெழுத்துக்கள் அமைப்பதுமே அது.

இப்பணியை எவ்வாறு மதிப்பிடுவது? ஒருபுறம் நோக்கினால் அது தணிக்கையே. பிறர் சிருஷ்டியை அவரின் இசைவின்றி மாற்றுவது கலை நேர்மைக்கு உகந்ததென்று நாம் வாதிட முன்வரமாட்டோம். மறுபுறம் நோக்கினால், அந்நாளில் வேறெந்தப் பள்ளியும் தந்திருக்க முடியாத பயிற்சியை அது ஷுப்புக்குத் தந்தது. சாப்ளின் நடித்த ‘கார்மென்’ முதலாகச் சுமார் 200 அயல்நாட்டுப் படங்கள் அவர் கைகளினூடாகச் சென்றன. 1924 இல், பிரிட்ஸ் லாங்கின் ‘டாக்டர் மபூஸே’ என்ற ஜெர்மன் படத்தை அவர் மறுதொகுப்புச் செய்தபொழுது அருகிருந்து உதவியவர், நாடகத்துறையிலிருந்து திரைக்கு வந்துகொண்டிருந்த செர்கேய் ஐசன்ஸ்டைன் என்னும் இளைஞர். அப்படம் ‘பொன் முலாமிட்ட அழுகல்’ என்ற புதிய தலைப்புடன் வெளியாயிற்று. பின்னர் ‘போர்க்கப்பல் பொட்டெம்கின்’ மூலம் உலகப் புகழெய்திய நெறியாளர், படத்தொகுப்பின் அரிச்சுவடியைக் கற்ற இடங்களுள் ஒன்று இப்பெண்மணியின் மேசை என்பதைச் சினிமா வரலாறு கூறுவோர் பலர் அடிக்குறிப்பாகவே விட்டுவிடுகின்றனர்.

இம்மேசையில் ஷுப் கண்டறிந்த உண்மை எளிமையானது. ஆயினும் விளைவுகள் மிகுந்தது. ஒரு காட்சித்துண்டு தன்னந்தனியே நின்று முழுப் பொருளையும் தருவதில்லை. அதற்கு முன்னால் எது வருகின்றது, பின்னால் எது வருகின்றது, இடையில் எந்த எழுத்து வருகின்றது என்பவற்றைப் பொறுத்து அதன் பொருள் மாறுகின்றது. சிரிக்கும் முகத்தைப் பிறந்த குழந்தைக்குப் பின் வைத்தால் அது தாய்மை. பிணத்துக்குப் பின் வைத்தால் அது கொடூரம். இதே காலத்தில் குலெஷோவ் என்னும் நெறியாளரும் தம் மாணவரிடையே இவ்வுண்மையை ஆராய்ந்து வந்தார். ஆனால் ஷுப் இதனை நாள்தோறும் செய்யும் தொழிலாகவே செய்து பழகியவர். பிலிமை எவ்வாறெல்லாம் பொய் சொல்ல வைக்கலாம் என்பதை உள்ளிருந்து அறிந்தவர் அவர். அவ்வறிவைப் பெற்ற ஒருவர் அதன்பின் எதனைத் தேர்ந்தெடுத்தார் என்பதே அவரது வாழ்க்கையில் நம் கருத்தைக் கவரும் பகுதியாகும்.

ஐசன்ஸ்டைனின் ‘பொட்டெம்கின்’ வெளிவந்த காலத்திலே ஷுப்பின் உள்ளத்தில் ஒரு திட்டம் உருவாயிற்று. புரட்சியை நடிகரைக் கொண்டு மீண்டும் நடித்துக் காட்டுவதற்குப் பதிலாக, உண்மையில் நிகழ்ந்தபோது பிடிக்கப்பட்ட படங்களைக் கொண்டே அதனை எடுத்துரைக்க இயலாதா என்பதே அவர் எழுப்பிய கேள்வி. 1927 இல் பெப்ரவரிப் புரட்சியின் பத்தாண்டு நிறைவு வரவிருந்தது. அதனை முன்னிட்டு ஜார் ஆட்சியின் இறுதி ஆண்டுகளைப் பற்றிய படமொன்றை ஆக்க அவர் அனுமதி கோரினார். அனுமதி எளிதாகக் கிடைக்கவில்லை. பழைய செய்திப்படங்களைக் கூட்டி ஒட்டுவதில் யாருக்கு என்ன பயன் என்பதே நிறுவனத்தினரின் மனோபாவமாக இருந்தது. விடாமுயற்சியினாலேயே அவர் 1926 இல் லெனின்கிராட் நகருக்குச் சென்று தேடலைத் தொடங்க முடிந்தது.

அங்கு அவர் கண்ட நிலை கவலைக்குரியது. புரட்சிக்கு முந்திய செய்திப்படச் சுருள்கள் ஈரம் கசியும் நிலவறைகளில், ஒழுங்கான பட்டியலின்றிக் கிடந்தன. சில இடங்களில் படத்தின் பூச்சுக் கரைந்து உருவங்கள் மங்கிவிட்டிருந்தன. அக்காலத்துப் பிலிம் எளிதில் தீப்பற்றக் கூடியது என்பதும், பேணாது விட்டால் தானே சிதைவது என்பதும் அறிந்ததே. இவற்றினிடையே ஜார் இரண்டாம் நிக்கொலாஸின் குடும்பத்தினருக்காக அரண்மனைப் படப்பிடிப்பாளர் எடுத்த சொந்தப் படங்களும் இருந்தன. அவ்வேளையில் அவர் பார்வையிட்ட பிலிமின் அளவு 60,000 மீற்றர். அவற்றிலிருந்து மொஸ்கோவுக்குத் தெரிந்தெடுத்து வந்தது 5,200 மீற்றர். முடிவில் படமாக உருவானது ஏறக்குறைய 1,500 மீற்றர்.

இவ்வெண்களின் பின்னாலுள்ள உழைப்பை நாம் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும். முப்பத்தைந்து மில்லிமீற்றர் பிலிமின் ஒரு மீற்றரில் ஏறக்குறைய 52 சட்டங்கள் அடங்கும். செக்கனுக்கு 16 சட்டம் என்ற அந்நாள் வேகத்தில் ஓட்டினால், 60,000 மீற்றரையும் ஒருமுறை பார்த்து முடிக்கவே 50 மணித்தியாலத்திற்கு மேலாகும். ஒருமுறை பார்த்தால் மட்டும் போதாது. இன்ன முகம் யாருடையது, இன்ன ஊர்வலம் எந்த ஆண்டில் நடந்தது, இச்சுருளின் மறுபாதி எங்கே என்று ஒவ்வொன்றையும் ஆராய்ந்து அடையாளங் காண வேண்டும். இது சரித்திர ஆசிரியர் சாசனங்களை வாசிக்கும் உழைப்புக்கு எவ்வகையிலும் குறைந்ததன்று. நாற்பது மீற்றரைப் பார்த்து ஒரு மீற்றரைத் தேர்ந்தெடுக்கும் அத்தீர்ப்பிலேதான் கலை இருக்கின்றது. வெட்டுவது கத்தரிக்கோலே ஆயினும், எதை வெட்டுவதென்று முடிவு செய்வது ஓர் உலகநோக்கு.

‘ரொமானோவ் வம்சத்தின் வீழ்ச்சி’ என்ற அப்படம் 1927 மார்ச்சு மாதத்திலே திரைக்கு வந்தது. 1913 இல் ரொமானோவ் வம்சத்தின் முந்நூறாவது ஆண்டு விழா கொண்டாடப்பட்ட காலந்தொட்டு, முதலாம் உலக யுத்தத்தினூடாக, 1917 ஆம் ஆண்டுப் புரட்சிவரை அது செல்கின்றது. ஆடம்பர ஊர்வலங்கள், குருமார், படைத்தளபதிகள், நிலப்பிரபுக்கள், தொழிற்சாலைகள், வயல்கள், ஆயுத உற்பத்தி, போர்க்களத்துப் பிணங்கள், தெருவிலே திரண்ட மக்கள் என்று ஒரு சமுதாயத்தின் மேலும் கீழும் அதிலே தோன்றுகின்றன. கதாநாயகன் இல்லை, காதல் இல்லை, நடிப்பு இல்லை. எனினும் ஒழுங்கான ஒரு வாதம், தொடக்கமும் வளர்ச்சியும் முடிவும் கொண்டு, நம்முன் விரிகின்றது.

அப்படத்தில் விமர்சகர் பலரும் எடுத்துக்காட்டும் பகுதி ஒன்றுண்டு. கப்பலொன்றின் மேற்றளத்திலே உயர்குடிச் சீமான்களும் சீமாட்டிகளும் மஸூர்க்கா நடனமாடுகின்றனர். ஆடிக் களைத்து வியர்வையைத் துடைக்கின்றனர். வியர்வை சிந்த ஆடினர் என்னும் பொருளில் ஓர் இடையெழுத்து வருகின்றது. அடுத்து, நிலத்தை வெட்டும் உழவர்கள் காட்டப்படுகின்றனர், அவர்களும் வியர்க்கின்றனர். இரு காட்சிகளையும் எடுத்தவர்கள் ஒருவரையொருவர் அறிந்தவர்களல்லர். அவை ஒன்றுசேர வேண்டுமென்று அவர்கள் எண்ணியதுமில்லை. ஆயினும் அவை பக்கத்தில் பக்கமாக வைக்கப்பட்டவுடன், தனித்தனியே எதிலும் இல்லாத ஒரு மூன்றாவது பொருள் பிறக்கின்றது. ஒரே வியர்வை, ஒன்று பொழுதுபோக்கின் வியர்வை, மற்றது அப்பொழுதுபோக்குக்கு விலை கொடுக்கும் வியர்வை. வர்க்க உறவைப் பற்றி நீண்டதொரு பிரசங்கம் சொல்ல வேண்டியதை இரு காட்சித்துண்டுகளின் சந்திப்பு சொல்லிவிடுகின்றது.

இதனைத் தொழில்நுட்ப வித்தை என்று கூறி ஒதுக்கிவிட முடியாது. வித்தை மட்டுமாயின், எதனையும் எதனுடனும் ஒட்டி எப்பொருளையும் உண்டாக்கலாம். இங்கே நிகழ்வது வேறு. அவ்விரு காட்சிகளுக்குமிடையே சமுதாயத்தில் உண்மையாகவே ஓர் உறவு இருந்தது. உழவனின் உழைப்பின்றிச் சீமானின் நடனம் இல்லை. அன்றாட வாழ்வில் தூரமும் வழக்கமும் மறைத்து வைத்திருந்த அவ்வுறவை, தொகுப்பாளரின் ஒட்டு வெளிப்படுத்துகின்றது. உருவத்துக்கும் உள்ளடக்கத்துக்கும் உள்ள தொடர்பு பற்றி நம்மிடையே எவ்வளவோ வாதங்கள் நடந்துள்ளன. உருவம் என்பது உள்ளடக்கத்தின் மீது போர்த்தப்படும் ஆடையன்று என்பதை மெய்ப்பிக்க இதனிலும் தெளிவான உதாரணத்தைக் காண்டல் அரிது.

இன்னொன்றையும் கவனித்தல் வேண்டும். ஜாரின் படப்பிடிப்பாளன் அரசனின் மாட்சியைக் காட்டவே படம் பிடித்தான். கூப்பிய கைகளும் குனிந்த தலைகளும் தங்க அங்கிகளும் பேரரசின் பெருமைக்குச் சான்றாக வேண்டுமென்பதே அவன் கருத்து. ஆனால் கருவியோ அவன் கருதியதை மட்டும் பதிவு செய்யவில்லை. குனிந்த தலைகளோடு அக்குனிவின் சலிப்பையும், மாட்சியோடு அதன் வெறுமையையும், அரசனின் முகத்தோடு அம்முகத்தில் எவ்விதப் பிரக்ஞையுமின்மையையும் அது பதிவு செய்தது. ஆளும் வர்க்கம் தன்னைப்பற்றித் தானே எழுதிய புகழுரையை, அதன் எழுத்தை மாற்றாமலே, குற்றப்பத்திரிகையாக வாசித்துக் காட்டினார் ஷுப். அதனால்தான் அவர் காட்சித்துண்டுகளை மிகச் சிறியனவாக நறுக்கவில்லை. பார்ப்போன் அம்முகங்களை நின்று நிதானித்துப் பார்க்க அவகாசம் தந்தார். சாட்சியின் வாக்குமூலத்தை இடையில் வெட்டாமல் முழுதும் பேசவிடும் நீதிமானின் போக்கு இது.

அக்காலத்துச் சோவியத் திரைக் கலைஞரிடையே ஷுப்பின் தனித்துவம் இவ்விடத்திலேதான் விளங்குகின்றது. ஸீகா வெர்தோவ் என்பவரும் நடிகரைத் துறந்து உண்மை வாழ்க்கையையே படம் பிடித்தவர். ஆனால் அவர் காட்சிகளை வேகமாகத் துண்டாடி, ஒன்றன்மேல் ஒன்றேற்றி, இயந்திர யுகத்தின் தாளத்தைத் திரையில் ஒலிக்கச் செய்ய விரும்பினார். அவருக்குத் துண்டு என்பது கவிதையின் ஓரசை. ஷுப்புக்கோ அது ஓர் ஆவணம். ஐசன்ஸ்டைன் புரட்சியைப் பிரமாண்டமாக மீள்படைத்தார். அவருடைய ‘ஒக்டோபர்’ படத்தில் நிகாண்ட்ரோவ் என்ற ஒருவர் லெனினாகத் தோன்றியதை மாயகோவ்ஸ்கி கடுமையாகச் சாடினார். ‘புதிய லெப்’ என்ற சஞ்சிகையைச் சார்ந்த விமர்சகர்கள், நடிக்கப்பட்ட சரித்திரத்தைவிட ஷுப்பின் முறையே மேலானதென்று அவரைத் தம் வாதத்துக்கு ஆதாரமாக்கினர். நடிப்பை முற்றாக மறுத்த அவ்விமர்சகரின் கருத்து ஒருதலைப்பட்சமானது என்றே நாம் கருதுகின்றோம். ‘பொட்டெம்கின்’ படத்தை இழந்த உலக சினிமா ஏழ்மையடைந்திருக்கும். எனினும், உண்மையான ஆவணத்துக்கு உண்மையானதொரு கனமுண்டு என்ற அவர்களது உணர்வு சரியானதே.

‘வீழ்ச்சி’யைத் தொடர்ந்து அதே ஆண்டிலே, ஒக்டோபர் புரட்சியின் பத்தாண்டு நிறைவுக்காக ‘மகத்தான பாதை’ என்னும் படத்தையும், 1928 இல் ‘இரண்டாம் நிக்கொலாஸின் ருஷ்யாவும் லேவ் டோல்ஸ்டோயும்’ என்னும் படத்தையும் ஷுப் உருவாக்கினார். டோல்ஸ்டோயைப் பற்றிக் கிடைத்த பிலிம் மிகக் குறைவு. அக்குறைவைச் செயற்கைக் காட்சிகளால் நிரப்பாமல், அவ்வெழுத்தாளர் வாழ்ந்த ருஷ்யாவின் காட்சிகளைச் சுற்றிலும் அமைத்தார். எழுத்தாளனை அவன் காலத்தினுள் வைத்து நோக்க வேண்டுமென்று இலக்கிய விமர்சனத்தில் நாம் வலியுறுத்தும் கொள்கைக்கு இது திரையில் அமைந்த முன்மாதிரி எனலாம்.

இத்தனையும் செய்தவர் ஆசிரியர் என்று ஏற்றுக்கொள்ளப்பட்டாரா? இக்கேள்விக்கான விடை முற்போக்காளருக்கு இனிமையானதன்று. முதலிரு படங்களுக்கும் ஷுப்புக்கு ஆசிரிய உரிமை உண்டென்பதை ஏற்க அன்றைய சோவ்கினோ நிறுவனம் மறுத்தது. பிறர் பிடித்த படங்களை ஒட்டியவரே இவர், சிருஷ்டிகர்த்தா அல்லர் என்பது அதன் நியாயம். 1927 இல் மாயகோவ்ஸ்கி இதனைப் பகிரங்கமாகக் கண்டித்தார். சுரண்டலை ஒழிக்கப் புறப்பட்ட ஒரு சமுதாயத்தின் அரசாங்க நிறுவனமே, உழைப்பவரின் உழைப்பை உழைப்பென்றும் சிந்தனையைச் சிந்தனையென்றும் ஏற்கத் தயங்கிற்று. சொத்துடைமை மாறியவுடன் மனோபாவமும் தானே மாறிவிடும் என்று எளிமையாக நம்புவோர் இந்நிகழ்ச்சியைச் சிந்திப்பது நன்று.

அந்த நியாயமும் வலுவற்றதே. செங்கல்லை அறுத்தவன் வேறொருவன் என்பதனால் வீட்டைத் திட்டமிட்டவன் இல்லையென்றாகிவிடுமா? சொற்களை எந்தக் கவிஞனும் தானே பிறப்பிப்பதில்லை. மொழி அவற்றை அவனுக்கு ஏற்கனவே தந்துள்ளது. சாசனங்களைப் பொறித்தவர்கள் அரசர்களும் வணிகர்களுமே ஆயினும், அவற்றைக் கொண்டு சரித்திரத்தை எழுதியவர் சரித்திர ஆசிரியரே. சிருஷ்டி என்பது வெறுமையிலிருந்து தோன்றும் அற்புதம் என்று எண்ணும் பழைய கருத்துமுதல்வாதமே தொகுப்பாளரின் கலையை மறுக்கத் தூண்டுகின்றது. கிடைத்த பொருளின்மீது மனித உழைப்பும் அறிவும் தொழிற்பட்டுப் புதியதை ஆக்குகின்றன என்று கொள்வோருக்கு, தொகுப்பாளர் ஆசிரியர் என்பதில் ஐயம் இருத்தலாகாது.

ஷுப்பின் பிற்கால வாழ்வைச் சுருக்கமாகக் கூறுவோம். ஒலிப்படம் வந்தபின் 1932 இல் அவர் ‘கொம்சொமோல்: மின்மயமாக்கலின் முன்னோடி’ என்ற படத்தை எடுத்தார். இம்முறை பழைய சுருள்களை விடுத்து, அணைக்கட்டுகளிலும் தொழிற்சாலைகளிலும் புதிதாகப் படம் பிடிக்கச் செய்து, மக்களின் குரலை அவ்விடங்களிலேயே பதிவு செய்வித்தார். பேசுவோரின் தடுமாற்றங்களையும், ஒலிவாங்கியின் முன் அவர்கள் கூசுவதையும் அவர் நீக்கிவிடவில்லை. 1933 முதல் ஐசன்ஸ்டைனின் மாணவருக்குப் படத்தொகுப்புக் கற்பித்தார். பெண்களின் வாழ்வைப் பற்றி ‘பெண்கள்’ என்ற பெயரில் அவர் அக்காலத்தில் எழுதிய திட்டம் படமாகாமலே நின்றுவிட்டது. 1939 இல், ரொமான் கார்மெனும் மக்கசேயெவும் ஸ்பெயினின் போர்க்களங்களில் பிடித்த காட்சிகளைக் கொண்டு ‘ஸ்பெயின்’ என்ற படத்தை ஆக்கினார். விஷ்னெவ்ஸ்கி அதற்கு உரை எழுதினார். அவ்வாண்டிலேயே ஸ்பானியக் குடியரசு வீழ்ந்தது. தோற்றவர்களின் சரித்திரத்தையும் யாராவது பேணி வைக்க வேண்டும் என்ற கடமையுணர்வு அப்படத்துக்கு ஒரு சோக கம்பீரத்தைத் தருகின்றது. 1940 இல் புடோவ்கினுடன் சேர்ந்து சோவியத் சினிமாவின் இருபதாண்டுகளைத் தொகுத்தார். 1959 இல் அவர் காலமானார்; ‘அண்மைக் காட்சி’ என்னும் பொருள்படும் அவரது நினைவு நூல் அவ்வாண்டிலேயே வெளிவந்தது.

புகழ்வதோடு விமர்சனத்தின் கடமை முடிந்துவிடுவதில்லை. ஷுப்பின் முறையில் இரண்டு குறைபாடுகளை நாம் சுட்டிக் காட்ட வேண்டும். முதலாவது, ஆவணத்தின் எல்லை பற்றியது. ஜார் காலத்திலே கருவி யார் கையில் இருந்தது? அரண்மனையிடமும் வணிகக் கம்பனிகளிடமும் இருந்தது. உழவனும் தொழிலாளியும் அவர்களுக்கு வேண்டியபொழுது மட்டுமே, அவர்களுக்கு வேண்டிய தூரத்திலிருந்தே பிடிக்கப்பட்டனர். உழவனின் குடிசைக்குள் நிகழ்ந்தது, வேலைநிறுத்தம் செய்தவனின் மனைவி அடுப்பின் முன் எண்ணியது, சிறைக்குள் கழிந்த இரவுகள் ஆகியவற்றைப் பிடித்த பிலிம் இல்லை. இல்லாததை எந்தத் தொகுப்பாளரும் ஒட்ட இயலாது. அவ்விடைவெளிகளை ஷுப் இடையெழுத்துக்களால் நிரப்பினார். சில இடங்களில் அவ்வெழுத்து, காட்சி சொல்லாததைச் சொல்லி, பார்ப்போன் தானே அடைய வேண்டிய முடிவை முந்திக்கொண்டு அவன்மேல் சுமத்துகின்றது. மஸூர்க்காப் பகுதியில் எழுத்தும் காட்சியும் ஒன்றையொன்று கூர்மையாக்குகின்றன. அக்கூர்மை எல்லா இடங்களிலும் அமைந்துவிடவில்லை.

இரண்டாவது குறைபாடு ஷுப் என்ற தனியொருவருடையதன்று; அவரது கருவியினுடையது. உண்மையை வெளிப்படுத்தும் அதே கத்தரிக்கோல் உண்மையை மறைக்கவும் வல்லது. அடுத்து வந்த தசாப்தத்திலே, ஆட்சியின் சினத்துக்கு ஆளானோரின் உருவங்கள் சோவியத் புகைப்படங்களிலிருந்து வெட்டி நீக்கப்பட்டமை உலகறிந்தது. நேற்றுவரை தலைவனின் அருகே நின்றவன் இன்று வெறும் சுவராக மாறினான். ஜாரின் புகழுரையைக் குற்றப்பத்திரிகையாக்கிய கலைக்கும் இச்செயலுக்கும் கருவியளவில் வேறுபாடு இல்லை. நோக்கிலும் நேர்மையிலுமே வேறுபாடு உண்டு. ஷுப்பின் ஒட்டு, ஆவணத்தை அப்படியே நிறுத்தி, அதன் உறவுகளை வெளிப்படுத்துகின்றது. மற்றதோ ஆவணத்தையே அழிக்கின்றது. நமது அணியிலுள்ளோர் செய்தார்கள் என்பதற்காக இவ்வேறுபாட்டைக் காணாதிருப்போமாயின், எதிரணியின் பொய்களைக் கண்டிக்கும் தகுதி நமக்கு இல்லாமற் போய்விடும்.

ஷுப் வகுத்த பாதை அவரோடு முடியவில்லை. வெர்தோவின் படங்களைத் தொகுத்த எலிஸவேத்தா ஸ்விலோவா, ‘திரைப்படக் கருவியுடன் ஒரு மனிதன்’ என்ற 1929 ஆம் ஆண்டுப் படத்திலே தொகுப்பு மேசை முன் அமர்ந்திருப்பவராகத் தாமே தோன்றுகின்றார். அசைவற்ற சட்டங்களாக இருந்த குழந்தைகளின் முகங்கள், அவரது கைபட்ட பின் உயிர் பெற்று அசைகின்றன. கண்ணுக்குத் தெரியாத உழைப்பு கண்ணுக்குத் தெரியவந்த அரிய தருணங்களுள் அது ஒன்று. அதே ஸ்விலோவா 1945 இல் அவுஷ்விட்ஸ் கொலைக்களத்தின் காட்சிகளைத் தொகுத்து உலகின் முன் வைத்தார். 1956 இல் திரைக்கு வந்த அலென் ரெனேயின் ‘இரவும் மூடுபனியும்’ பழைய பிலிமையும் புதிய காட்சியையும் இணைத்து மறதிக்கெதிராக வாதாடிற்று. 1965 இல் மிகயில் ரொம், நாஸிகளின் சொந்தப் படச்சேமிப்பைக் கொண்டே ‘சாதாரண பாசிசம்’ என்ற படத்தை ஆக்கினார்; ஷுப் ஜாருக்குச் செய்ததை அவர் ஹிட்லருக்குச் செய்தார். அதே 1965 இல் கியூபாவின் சந்தியாகோ அல்வாரெஸ், செய்திப்படத் துண்டுகளையும் புகைப்படங்களையும் ஒரு பாடலோடு இணைத்து, அமெரிக்க நிறவெறியைச் சுமார் ஆறு நிமிடங்களிற் சாடும் ‘இப்பொழுது’ என்ற குறும்படத்தை அளித்தார். பணமும் ஸ்டூடியோவும் இல்லாத வறிய நாடுகளின் கலைஞருக்கும் இம்முறை கைகொடுக்கும் என்பதை அது நிரூபித்தது.

இன்று நிலைமை பெரிதும் மாறியுள்ளது. அறுபதினாயிரம் மீற்றரைத் தேடி நிலவறைக்குள் இறங்க வேண்டியதில்லை. கைத்தொலைபேசி வைத்திருக்கும் எவரும் படப்பிடிப்பாளரே, விரல் நுனியால் வெட்டி ஒட்டும் எவரும் தொகுப்பாளரே. யுத்தங்களும் ஆர்ப்பாட்டங்களும் கொலைகளும் ஒவ்வொரு நாளும் துண்டு துண்டாக நம் கண்முன் வந்து விழுகின்றன. எடுக்கப்படாத காட்சி இல்லையோ என்று மயங்குமளவுக்குக் காட்சிகள் பெருகியுள்ளன. ஆனால் அவற்றின் உறவுகளை விளக்கும் அறிவு அதே வேகத்தில் பெருகிவிடவில்லை. ஓராண்டின் கலவரக் காட்சி மற்றோராண்டின் கலவரமாகக் காட்டப்படுகின்றது. ஒரு நாட்டின் பிணம் வேறொரு நாட்டின் பிணமாக்கப்படுகின்றது. பிலிமைப் பொய் சொல்ல வைக்கும் கலையை ஷுப் 1922 இல் மேசையருகே கற்றார். இன்று அது சந்தைச் சரக்காகிவிட்டது.

இச்சூழலில் ஆசிரியர்களுக்கும் மாணவருக்கும் ஷுப்பின் தொழிலிலிருந்து பெறத்தக்க படிப்பினைகள் உள்ளன. எந்தக் காட்சியைக் கண்டாலும் அதனை எடுத்தவர் யார், யாருக்காக எடுத்தார், இதற்கு முன்னும் பின்னும் இருந்தவை எவை, வெட்டி எறியப்பட்டவை எவை என்று கேட்கப் பழகுதல் வேண்டும். வகுப்பறையிலே ஒரு செய்யுளின் சொல்லையும் தொடரையும் பிரித்துப் பொருள் காணக் கற்பிக்கும் நாம், ஒரு செய்திப்படத்தின் ஒட்டுக்களைப் பிரித்துக் காணவும் கற்பிப்பது இன்றியமையாதது. சாசனத்தை வாசிக்கத் தெரியாதவனை ஏமாற்றுவது எளிது. காட்சியை வாசிக்கத் தெரியாதவனை ஏமாற்றுவது அதனிலும் எளிது.

மற்றொரு படிப்பினை பேணுதல் பற்றியது. லெனின்கிராட் நிலவறையில் ஈரத்திற் கிடந்த சுருள்களை ஒரு பெண் தேடிச் சென்று பாராதிருந்தால், அவற்றுட் பல பெயரின்றியே கரைந்து போயிருக்கக் கூடும். மக்களின் வாழ்வைக் கூறும் படமோ கடிதமோ துண்டுப்பிரசுரமோ எதுவாயினும், இன்று பயனற்றதெனத் தோன்றுவது நாளை ஒரு தலைமுறையின் சாட்சியாகலாம். ஆளுவோர் தம் ஆவணங்களைப் பேணிக்கொள்ள ஆட்களும் கட்டிடங்களும் வைத்திருக்கின்றனர். ஆளப்படுவோரின் ஆவணங்களைப் பேணுவது அவர்களோடு நிற்பவர்களின் பொறுப்பு.

எனவே, அடுத்த முறை ஒரு விவரணச் சித்திரத்தைப் பார்த்து நாம் நெகிழும்பொழுது, அதன் தலைப்பெழுத்துக்களில் விரைந்து மறையும் தொகுப்பாளரின் பெயரையும் வாசிப்போமாக. அங்கே ஒரு தொழிலாளியின் கையும் ஒரு சரித்திர ஆசிரியரின் மதியும் சேர்ந்து வேலை செய்துள்ளன. அவ்விரண்டையும் பிரித்து ஒன்றைத் தாழ்த்தி மற்றதை உயர்த்தும் சமுதாயம் தன் கலையையும் முழுமையாக அறிந்துகொள்ளாது, தன் சரித்திரத்தையும் முழுமையாக அறிந்துகொள்ளாது.